கை ஓடிய இடம்

“உங்க கை ஓடியிருக்கு.”

“கால் ஓடும், வாய் ஓடும். கை எங்கயாவது ஓடுமா?”

“ஓடியிருக்குங்க. உட்கார்ந்த இடத்துலேருந்து வக்கீல் மாதிரி பேசாம எழுந்து வந்து பாருங்க.”

எழுந்து போனேன். பின்னறையில் என் மனைவி, படச்சுருள் காயவைக்கும் மர உருளைக்கு முன்னால் நின்றிருந்தாள். மாட்டுவண்டிச் சக்கரங்கள் இரண்டை இடைவெளிவிட்டு நிறுத்தி, நடுவே பலகைச் சட்டங்கள் அடித்தது போன்ற உருளை அது. அதன்மேல் ஈரம் உலராத சுருள் வரிவரியாகச் சுற்றியிருந்தது. எங்கள் வீட்டில் படம் பிடிப்பது நான், கழுவுவது அவள். மருந்து கலப்பது, தொட்டியில் முக்குவது, சிவப்பு விளக்கடியில் நிமிஷம் எண்ணுவது எல்லாம் அவள் கைவேலை. நான் பிடித்தது என்ன என்று எனக்கு முன்பே அவளுக்குத் தெரிந்துவிடும்.

“முதல் கம்பம் வரைக்கும் பாருங்க.” ஒற்றை விரலால் உருளையை மெல்ல நகர்த்தினாள். ஜன்னல் வெளிச்சம் சுருளுக்குள் புகுந்து வெளியே வந்தது. “கறுப்பு நல்லாப் பிடிச்சிருக்கு. ரெண்டாவது கம்பம் தாண்டினதும் சாயம் போகுது. குதிரை வர்ற இடத்துல பாருங்க, தண்ணி ஊத்தின பால் மாதிரி கிடக்கு.”

“மருந்து சரியில்லாம இருந்திருக்கும்.”

“ஒரே தொட்டி, ஒரே மருந்து, ஒரே நேரம். பழியை என் தலையில கட்டாதீங்க. படம் வெளிச்சம் கம்மியா வாங்கியிருக்கு. சுருள்ல வெளுத்துக் கிடக்கற இடம் திரையில இருட்டாத்தான் விழும். ஏன் கம்மியா வாங்கிச்சு? ஒவ்வொரு படமும் நிக்க வேண்டிய நேரம் நிக்கல. ஏன் நிக்கல?” வலது கையைக் காற்றில் கிறுகிறுவென்று சுற்றிக் காட்டினாள். “இதான்.”

எங்கள் படப்பெட்டியின் பக்கவாட்டில் ஒரு கைப்பிடி உண்டு. ஒருமுறை சுற்றினால் எட்டுப் படம் விழும். நொடிக்கு இரண்டு சுற்று, பதினாறு படம். கூடவும் கூடாது, குறையவும் கூடாது. தொழில் பழகிய காலத்தில் நான் காபிக்கொட்டை அரைக்கும் இயந்திரத்தில்தான் பயிற்சி எடுத்தேன். ஒரு மழைக்காலம் முழுக்க எங்கள் வீட்டுக் காபி, நொடிக்கு இரண்டு சுற்று என்று அரைபட்டது. ‘தூள் எப்படி இருந்தாலும் குடிச்சுக்கறேன், தூக்கத்துல கையைச் சுத்தாம மட்டும் படுங்க’ என்று இவள் கும்பிடு போட்டாள். அப்படிப் பழகிய கை. ஊர்வலத்தில், வெள்ளத்தில், மரக்கிடங்கு தீப்பிடித்தபோதுகூட அசையாத கை.

எங்கள் தொழிலில் ஒரு விநோதம் இருக்கிறது. எவ்வளவு வேகமாகச் சுற்றிப் பிடிக்கிறோமோ, திரையில் அவ்வளவு மெதுவாகத் தெரியும். ஒரு நொடிக்குள் முப்பத்திரண்டு படத்தை அள்ளிவிட்டால், அதை நொடிக்குப் பதினாறாகக் காட்டும்போது அந்த ஒரு நொடி இழுபட்டு இரண்டு நொடி ஆகிவிடும். மனிதர்கள் தண்ணீருக்குள் நடப்பது போல நடப்பார்கள். பறந்து வந்தது ஊர்ந்து வரும்.

“கம்பத்துக்குக் கம்பம் எத்தனை படம்னு எண்ணினேன்,” என்றாள் மனைவி. “எல்லா இடத்துலயும் நூத்துக்கு ஒண்ணு ரெண்டு முன்னே பின்னே. இந்தச் சுருளைக் கேட்டா, மோட்டார் கடைசி வரைக்கும் ஒரே வேகத்துல பொறுமையா வந்துச்சுன்னு சொல்லும். அப்படியா வந்துச்சு?”

உருளை மெல்லச் சுற்றி நின்றது. நின்ற இடத்தில், நகம் அளவு சட்டத்துக்குள், ஒரு வெள்ளைக் குதிரை கறுப்பாக, முன்கால்கள் இரண்டையும் தூக்கியபடி நின்றிருந்தது.

*

எங்கள் ஊருக்கு வந்த முதல் மோட்டார் அது. ஆலை முதலாளி வரவழைத்தது. கப்பலில் வந்து, ரயிலில் வந்து, கடைசி நான்கு மைல் மாடு கட்டி இழுத்துக்கொண்டு வந்தார்கள். எண்ணெய் ஊற்றி அதற்கு உயிர் கொடுக்கத் தெரிந்த ஒரே ஆள் என் தம்பி. அதற்கு முன் அவன் ஆலையில் தறி பழுது பார்ப்பவன். கண்ணை மறைக்கும் பெரிய கண்ணாடி போட்டுக்கொண்டு ஓட்டிவிட்டு இறங்கினால், கண்ணைச் சுற்றி மட்டும் இரண்டு வட்டம் சுத்தமாக இருக்கும், மிச்ச முகமெல்லாம் மண். ஊரார் அவனுக்குப் புழுதி என்று பேர் வைத்தார்கள். வீட்டில்கூட அந்தப் பெயர்தான் நிலைத்தது.

முதலாளிக்குத் தன் மோட்டார் ஊருக்குள் ஓடுவதைப் படமாகப் பிடித்து வைத்துக்கொள்ள ஆசை. கடைத்தெரு வளைவில் மூன்று கால் தாங்கியை நிறுத்தினேன். எனக்கு வலப்பக்கம் தையல்காரர் கடை, அதை ஒட்டி ஒரு சந்து. நேர் எதிரே தெரு, அதில் வரிசையாக விளக்குக் கம்பங்கள். காலை பத்து மணி. தெரு ஓரங்களில் ஜனங்கள் சுவரோடு சுவராக ஒட்டி நின்றார்கள், வெள்ளம் வரப்போகிறது என்று சொன்னது போல.

திரைத்துணியில் கடலைக் காட்டியவன் நான். அலை தங்கள் மேல் பாயும் என்று முன்வரிசையினர் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்ததைப் பார்த்துச் சிரித்திருக்கிறேன். அதிசயம் என்பது மற்றவர்களுக்கு நான் காட்டுவது, எனக்கு நடப்பது அல்ல என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன்.

தெருக்கோடியில் முதலில் சத்தம்தான் வந்தது. பிறகு புழுதி, புழுதிக்கு நடுவே இரண்டு பித்தளை விளக்குகள். முன்னால் இழுப்பதற்கு எதுவும் இல்லை. அது தெரிந்த விஷயம்தான், ஆலை முற்றத்தில் நூறு தடவை பார்த்ததுதான். ஆனாலும் ஒரு தெரு, தன் ஆரம்பத்திலிருந்து தன் முடிவு வரைக்கும், இழுக்க ஒரு மூச்சுக்காற்றுகூட இல்லாமல் ஒரு பொருளைத் தன்மேல் உருட்டிக்கொண்டு வருவதை அன்றைக்குத்தான் பார்த்தேன். கம்பங்கள் ஒவ்வொன்றாக அதற்கு வழிவிட்டன. அது சிறியதாக இருந்தது, பிறகு பெரியதாக இருந்தது. நடுவில் வளர்ந்ததை நான் பார்க்கவே இல்லை. மேல்துணி படபடக்க, உயரமான இருக்கையில், சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு என் தம்பி. நான் தோளில் தூக்கித் திரிந்தவன். அவன் முகத்தில் இருந்த சந்தோஷத்தை அதற்கு முன் எந்த மனித முகத்திலும் பார்த்ததில்லை.

அப்போது சந்திலிருந்து குதிரைவண்டி தலை நீட்டியது.

வெள்ளைக் குதிரை. மோட்டாரைப் பார்த்ததும் நிமிர்ந்து எழுந்தது. தம்பி வலப்பக்கம் ஒடித்தான், மோட்டார் குதிரைவண்டியில் படாமல் ஒரு முழம் தள்ளிப் போய்விட்டது. ஆனால் எழுந்த குதிரை இறங்கும்போது வண்டியின் ஏர்க்கால் கட்டைக்கும் நடைபாதைக் கல்லுக்கும் நடுவில் கால் மாட்டி ஒடிந்தது. அன்று மாலையே அதைச் சுட வேண்டியதாயிற்று.

இவ்வளவுக்கும் நான் கைப்பிடியை விடவில்லை. பயந்திருந்தால் விட்டிருப்பேன். அது பயம் இல்லை என்று இப்போது தெரிகிறது. ஒரு துளி சிந்தாமல் அத்தனையையும் அள்ளிவிட வேண்டும் என்று கை தவித்திருக்கிறது. பேராசைக்காரன் இரண்டு கையாலும் அள்ளுவது போல அள்ளியிருக்கிறது.

*

நகரசபை விதி ஒன்று உண்டு. ஊருக்குள் எந்த மோட்டாரும், பாய்ந்து ஓடாமல் சீராக ஓடும் குதிரையை மிஞ்சக் கூடாது. மிஞ்சினால் ஓட்டுநரின் அனுமதிச்சீட்டு பறிபோகும். வண்டிக்காரர்களுக்கும் ஒரு விதி இருந்தது. ஓட்டும்போது தூங்கினால், கழுத்தில் தொங்கும் பித்தளை வில்லையைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். வில்லை இல்லாதவர் ரயில் நிலைய வாசலில் வண்டி நிறுத்த முடியாது. வேறு குதிரையே கிடைத்தாலும் பூட்ட முடியாது.

வண்டிக்காரர், மோட்டார் காற்றாக வந்தது என்றார். என் தம்பி, மெதுவாகத்தான் வந்தேன், வண்டிக்காரர் தலையைத் தொங்கப் போட்டுத் தூங்கிக்கொண்டே வந்தார் என்றான். பார்த்தவர்கள் இருபது பேர் இருபது விதமாகச் சொன்னார்கள். நகரசபைத் தலைவர் தலையைப் பிடித்துக்கொண்டபோது, முதலாளி எழுந்து சொன்னாராம்: “மனுஷங்களை எதுக்குக் கேக்கறீங்க? மிஷின் ஒண்ணு பார்த்துக்கிட்டே நின்னிருக்கே. அதுக்கு அண்ணன் தம்பி கிடையாது, அதைக் கேளுங்க.”

வெள்ளிக்கிழமை பிற்பகல் சபைக் கூடத்தில் படம் போட்டுக் காட்ட வேண்டும் என்று எனக்குத் தாக்கீது வந்தது.

வெள்ளிக்கிழமை காலை தம்பி வந்தான். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றான். மூன்று நாளாக மோட்டார் ஓட்டாததால் முகம் முழுக்கச் சுத்தமாக இருந்தது. யாரோ மாதிரி இருந்தான்.

“என்ன தம்பி, இன்னைக்கு முகமெல்லாம் தெரியுது? அடையாளமே தெரியலையே,” என்றாள் மனைவி.

“அண்ணி, கிண்டல் பண்ணாதீங்க. படம் நல்லா வந்திருக்கா?”

“வந்திருக்கு. உங்க அண்ணன் உங்களை ஆமை மாதிரி ஓட வெச்சிருக்காரு.”

அவனுக்குப் புரியவில்லை. உருளை முன்னால் நிற்கவைத்து விளக்கினாள். கேட்கக் கேட்க அவன் முகத்தில் ரத்தம் ஏறியது. “அப்ப நான் தப்பிச்சேன்,” என்றான். சொன்னவுடனே தலையைக் குனிந்துகொண்டான்.

“டேய், எவ்வளவு வேகத்துல வந்தே?” என்று கேட்டேன்.

“ரெண்டாவது கம்பம் வரைக்கும் மெதுவாத்தான் வந்தேண்ணே. சத்தியமா.”

“அப்புறம்?”

“அப்புறம் நீ தெரிஞ்ச. பெட்டி தெரிஞ்சுது. உன் படத்துல நான் போய் நத்தை மாதிரி வர்றதான்னு கொஞ்சம் மிதிச்சேன்.”

“கொஞ்சமா?”

“முழுசா.”

அடுத்த வீட்டில் யாரோ துணி உதறும் சத்தம் கேட்டது.

“அந்தப் பெரியவர் தூங்கினாரா தம்பி?” மனைவி கேட்டாள்.

“தலை குனிஞ்சிருந்துச்சு அண்ணி. நான் பார்த்தேன். தூக்கமா வேற எதுவுமான்னு எனக்கு எப்படித் தெரியும்? ஒரு கண்ணிமைக்கிற நேரம்தான் பார்த்தேன்.” பிறகு என் பக்கம் திரும்பினான். “அண்ணே, நான் உன்னைப் பொய் சொல்லச் சொல்லல. படம் காட்டும்போது மிஷினை நீ எப்பவும் எப்படிச் சுத்துவியோ அப்படிச் சுத்து. நொடிக்கு ரெண்டு. அவ்வளவுதான் கேக்கறேன். என்னை அந்த வண்டியிலேருந்து இறக்கிட்டாங்கன்னா நான் மறுபடி தறிக்கிடங்குக்குத்தான் போகணும். அங்க நான் உன் தம்பி, அப்பா பிள்ளை, எட்டாம் நம்பர் தறி. அந்தச் சக்கரத்தைப் பிடிச்சா மட்டும்தாண்ணே நான் நானா இருக்கேன்.”

அவன் போன பிறகு மனைவி சுருளைப் பிரதி எடுத்துப் பெட்டியில் வைத்தாள். மூடியை அழுத்திக்கொண்டே சொன்னாள்: “அந்த இடம் வரும்போது நீங்க கையைக் கொஞ்சம் வேகமாச் சுத்தினா, எல்லாம் அன்னைக்கு நடந்த மாதிரியே தெரியும்.”

“கூட்டியும் சுத்த மாட்டேன், குறைச்சும் சுத்த மாட்டேன். ஒரே சீரா சுத்தறதுதான் நியாயம்.”

“நியாயமா?” என்றாள். அதற்கு மேல் எதுவும் சொல்லவில்லை. அவள் எதுவும் சொல்லாமல் இருப்பதை எதிர்த்துப் பேசி நான் இதுவரை ஜெயித்ததில்லை.

*

சபைக் கூடத்தின் உயரமான ஜன்னல்களையெல்லாம் சாத்தி, இடுக்குகளில் கறுப்புத் துணி செருகியிருந்தார்கள். அப்படியும் ஓர் ஓட்டையிலிருந்து வெயில் ஊசியாக இறங்கி, தலைவரின் வழுக்கையில் குத்தி நின்றது. அவர் ஊரில் மருந்துக்கடை வைத்திருப்பவர். வெயில் நகர நகர நாற்காலியையும் நகர்த்திக்கொண்டே இருந்தார். முன்வரிசையில் சபை உறுப்பினர்களும் முதலாளியும். அவருக்குப் பக்கத்தில் என் தம்பி, தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு. அடுத்த பக்கம், ஒரு நாற்காலி தள்ளி, வண்டிக்காரர். ஐம்பது வயதிருக்கும். கழுத்தில் பித்தளை வில்லையைப் பளபளவென்று தேய்த்துப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். கையில் சாட்டை இல்லாததால் இரண்டு கைகளையும் எங்கே வைப்பது என்று தெரியாமல் முழங்கால்மேல் வைத்திருந்தார்.

நான் வாயு விளக்கைப் பற்றவைத்தேன். படம் காட்டும் இயந்திரத்துக்கும் கைப்பிடிதான். சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும், ஒரு படத்தில் நிறுத்திவிட்டால் விளக்கின் சூட்டில் அந்தப் படம் கருகிவிடும். சுற்றத் தொடங்கினேன். நொடிக்கு இரண்டு.

திரைத்துணியில் எங்கள் கடைத்தெரு வந்தது.

“ஐயோ, என் கடை!” என்றார் பின்னாலிருந்து தையல்காரர். சிலர் சிரித்தார்கள். “உங்க கடை வாசலை என்னைக்குப் பெருக்கினீங்க? படத்துலகூட குப்பை தெரியுது,” என்றார் ஒருவர். மறுபடி சிரிப்பு. தெருக்கோடியில் புழுதி எழுந்தது. சிரிப்பு தானாக அடங்கியது.

மோட்டார் வந்தது. முதல் கம்பத்தைக் கடந்தது. இரண்டாவதைக் கடந்தது. அதன் பிறகு, நான் நொடிக்கு இரண்டு சுற்று சுற்றிக்கொண்டிருக்க, உலகம் வேறொன்றாக மாறியது.

மோட்டார் ஓடவில்லை, மிதந்தது. சக்கரத்தின் கம்பிகள் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிந்தன. புழுதி உருண்டு உருண்டு, அவசரமே இல்லாமல், யோசித்து யோசித்து மேலே ஏறியது. தம்பியின் மேல்துணியின் ஓரம் விரிந்து, சுருண்டு, மறுபடி விரிந்தது, தண்ணீருக்கடியில் அசையும் கொடி போல. தையல்காரர் கடைவாசலில் ஒரு பெண் வாயைப் பொத்தக் கையைத் தூக்கினாள். அந்தக் கை இடுப்பிலிருந்து வாய்க்கு வந்து சேர ஒரு யுகம் ஆயிற்று. வானம் மெல்ல இருண்டது. அந்த இருட்டுக்குள், சந்தின் வாயிலிருந்து வெள்ளைக் குதிரையின் தலை, பிறகு கழுத்து, பிறகு தோள் வந்தது.

அது மேலே எழுந்தது.

கூடத்தில் ஒரு மூச்சுக்கூடக் கேட்கவில்லை. குதிரையின் முன்கால்கள் தரையை விட்டுக் கிளம்பி, மடங்கி, இன்னும் மேலே போயின. பிடரி ஒவ்வொரு மயிராகப் பிரிந்து நின்றது. வயிற்றில் தோல்வார் இழுபட்டது தெரிந்தது, மூக்குத்துளை விரிந்தது தெரிந்தது. யாரும் அதுவரை அப்படி ஒரு குதிரையைப் பார்த்திருக்க முடியாது. அந்த ஒரு வீச்சில் இவ்வளவு இருக்கிறது என்று குதிரைக்கே தெரிந்திருக்காது. அது வானத்தில் ஏதோ ஒரு படியில் ஏறி, அங்கே நின்று, எங்கள் எல்லோரையும் பார்த்துவிட்டுத்தான் இறங்கப் போகிறது என்று தோன்றியது. முதலாளியின் கை தானாக எழுந்து தன் தொப்பியைக் கழற்றியது.

அதற்குச் சற்று முன்னால், வண்டியின் இருக்கையில் வண்டிக்காரர் தெரிந்தார். அவர் தலை குனிந்திருந்தது. அச்சாணிப் பக்கம் ஒரு பார்வை பார்த்து நிமிர எவ்வளவு நேரமாகும்? ஆனால் துணியில் அந்தத் தலை குனிந்தே கிடந்தது. மோட்டார் ஒரு முழு வீட்டைக் கடந்து முடிக்கும் வரை குனிந்தே கிடந்தது. பிறகு, ஆழ்ந்த தூக்கத்திலிருந்து எழுப்பப்பட்டவர் போல, மெதுவாக, மிக மெதுவாக நிமிர்ந்தது.

சுருள் முடிந்தது. வெறும் வெள்ளைத் துணி. விளக்கைத் தணித்தேன். என் கை மட்டும் இன்னும் இரண்டு சுற்று காற்றில் சுற்றிவிட்டு நின்றது.

நெடுநேரம் யாரும் எழுந்து ஜன்னலைத் திறக்கவில்லை. கடைசியில் தலைவர் தொண்டையைச் செருமினார். குரல் அடங்கியே வந்தது.

“நான் நாற்பது வருஷமா இந்தத் தெருவுல நடக்கறேன். இன்னைக்குத்தான்யா பார்த்தேன்.”

“மெதுவாத்தானே வந்துது?” என்றார் முதலாளி, தொப்பியைத் திரும்பப் போட்டுக்கொண்டு.

“மெதுவாத்தான்,” என்றார் ஓர் உறுப்பினர். “நம்ம மூச்சு நின்னு போனதால அப்படித் தெரிஞ்சுதோ என்னமோ. ஆனா மெதுவாத்தான் வந்துது.”

“வண்டிக்காரரே, நீங்களும் பார்த்தீங்க. தலை தொங்கித்தான் கிடந்துது,” என்றார் தலைவர். அவர் குரலில் கோபம் இல்லை, வருத்தம்தான் இருந்தது. “நடுவுல மேகம் வேற மறைச்சுது. அந்த இருட்டு கண்ணைச் சொருகியிருக்கும். நான் தப்பு சொல்லல. ஆனா விதின்னு ஒண்ணு இருக்கு. அந்த வில்லையை…”

வண்டிக்காரர் வில்லையைக் கழற்றவில்லை. அவர் இன்னும் துணியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்தார். தலைவரிடம் போவார் என்று நினைத்தேன். நாற்காலிகளுக்கு நடுவே நடந்து என்னிடம் வந்தார். இயந்திரத்தைச் சுற்றி ஒருமுறை வந்து, புதிதாக வாங்கிய குதிரையைப் பார்ப்பது போல, முன்னும் பின்னும் பார்த்தார். கைப்பிடியைத் தொட்டார். அது இன்னும் என் கையின் சூட்டோடு இருந்திருக்க வேண்டும். விரலை உடனே எடுத்துக்கொண்டார்.

“தம்பி, இது உள்ள அது இருக்கா?”

“எது?”

“என் குதிரை.”

“படம் இருக்கு,” என்றேன்.

“அன்னைக்கு மேகமே இல்ல தம்பி.” எல்லோருக்கும் கேட்கும்படித்தான் சொன்னார், ஆனால் யாரோடும் சண்டை போடும் குரலில் இல்லை. “காலையில வண்டி பூட்டறதுக்கு முன்னாடி நான் வானத்தைத்தான் பார்ப்பேன். அன்னைக்கு ஒரு பொட்டு மேகம் கிடையாது. அப்ப அது ஏன் இருண்டுச்சுன்னு எனக்குத் தெரியல. உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்.”

தலைவர் நாற்காலியைத் திருப்பினார். “என்ன சொல்றீங்க?”

“மோட்டார் பத்தி நான் ஒண்ணும் சொல்லலைங்க ஐயா. நான் தூங்கினேன்னு நீங்க சொன்னா, பார்த்தவங்க நீங்க, நான் என்ன சொல்ல?” அவர் கண் என்னை விட்டு நகரவில்லை. “பதினோரு வருஷம் அது என்கிட்ட இருந்துச்சு. மிரண்டு எழுந்தா எப்படி எழும்பும்னு எனக்குத் தெரியும். சுண்டிவிட்ட வில்லு மாதிரி எழும்பும். கண்ணு மூடித் திறக்கறதுக்குள்ள மேல நிக்கும். அது சோம்பேறிக் குதிரை இல்ல தம்பி. துணியில பார்த்தேனே, கிழட்டு மாடு எழுந்திரிக்கிற மாதிரி எழுந்துச்சே, அது என் குதிரை இல்ல. பார்க்க அழகாத்தான் இருந்துச்சு. எனக்கே உடம்பு சிலிர்த்துப் போச்சு. ஆனா அது என் குதிரை இல்ல.”

நான் தம்பியைப் பார்த்தேன். அவன் தொப்பியின் விளிம்பை விரல்களால் சுற்றிக்கொண்டே இருந்தான். ஒரு நொடிக்கு இரண்டு சுற்று இருக்கும். பின்வரிசையில் என் மனைவி உட்கார்ந்திருந்தாள். அவள் என்னைப் பார்க்கவில்லை, வெறும் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஜன்னல் இடுக்கில் வந்த வெயில் இப்போது தலைவரை விட்டு நகர்ந்து, எங்கள் இருவருக்கும் நடுவில் தரையில் விழுந்துகிடந்தது. வண்டிக்காரர் அதை மிதிக்காமல் தாண்டி இன்னும் ஓர் அடி கிட்டே வந்தார்.

“வில்லையைக் கேக்கறாங்க, குடுத்துடறேன். அதுக்கு முன்னாடி ஒண்ணே ஒண்ணு. நீங்க அங்கதானே நின்னீங்க, அது எப்படி எழுந்துச்சுன்னு பார்த்தீங்க இல்ல? அதை இன்னொரு தடவை காட்டுங்க. இவங்க எல்லாரும் இருக்கும்போதே காட்டுங்க. எழுந்த வேகத்துலயே எழ விடுங்க தம்பி.”